ஏணியில் நின்றவரைச் சுட்டது எதற்காக? அருளாளர் பிரதர் ஜேம்ஸ் மில்லர் (விவாத இழை)

கோடைமழை

பிப்ரவரி 13 அருளாளர் (புனிதர் பட்டத்துக்கு முந்தைய படி) ஜேம்ஸ் மில்லரின் நினைவு நாள். குருக்களைப் பற்றியும் ஆயர்களைப் பற்றியும் நாம் நிறையப் பேசுகிறோம். பள்ளிக்கூடத்திலேயே வாழ்ந்து பள்ளிக்கூடத்திலேயே உயிரைவிட்ட துறவறச் சகோதரர்களைப் பற்றிப் பேச ஆள் குறைவு. அதற்காகத்தான் இந்த இழை. என் கட்சியை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். இவர் உயிர் போனதற்குக் காரணம் இவர் பார்த்த வாத்தியார் வேலை. அந்த வேலையைத் தனியாகவும் விசுவாசத்தைத் தனியாகவும் பிரித்துவைத்தால் இந்த மரணத்தைப் புரிந்துகொள்ள முடியாது.

1944 செப்டம்பர் 21 அன்று அமெரிக்காவின் விஸ்கான்சின் மாநிலத்தில் ஸ்டீவன்ஸ் பாயின்ட் ஊரில் குறைமாதக் குழந்தையாகப் பிறந்தார். பால்பண்ணை வைத்திருந்த விவசாயக் குடும்பம். உயர்நிலைப் பள்ளிக்குப் போன இடத்தில் தெ லசால் சகோதரர்கள் (பள்ளியில் கற்பிப்பதையே பணியாகக் கொண்ட துறவற சபையினர்) ஆசிரியர்களாக இருந்தார்கள். அவர்களைப் பார்த்துத்தான் தானும் அப்படி ஆக வேண்டும் என்று தோன்றியிருக்கிறது. 1959இல், பதினைந்து வயதை ஒட்டி, மிசௌரி மாநிலத்தில் இருந்த அவர்களுடைய பயிற்சி இல்லத்துக்குப் போய்விட்டார். 1962இல் நவதுறவி, அதாவது துறவறப் பயிற்சியில் இருப்பவர். அப்போது கொடுத்த துறவறப் பெயர் லியோ வில்லியம். பிற்காலத்தில் ஞானஸ்நானப் பெயருக்கே திரும்பிவிட்டார்.

1966இல் முதல் வேலை, மினசோட்டா மாநிலத்தில் செயின்ட் பால் நகரத்து கிரெட்டின் உயர்நிலைப் பள்ளியில். ஸ்பானிஷ், ஆங்கிலம், மறைக்கல்வி மூன்றும் சொல்லிக்கொடுத்தார். அதோடு பள்ளிக் கட்டடத்தின் பராமரிப்பும் அவர் பொறுப்பு. குழாய் ஒழுகினாலும் கதவு மாட்டிக்கொண்டாலும் கருவிகளோடு இவர்தான் வந்து நிற்பார். எதையும் பழுதுபார்த்துவிடுகிற பிரதர் என்று பையன்கள் செல்லப்பெயரே வைத்துவிட்டார்கள். இதை மனதில் வைத்துக்கொள்ளுங்கள். கடைசி நாள் வரை அவர் கையில் இருந்தது இந்த வேலைதான்.

1969இல் நித்திய வார்த்தைப்பாடு, அதாவது சாகும்வரைக்குமான துறவற உறுதிமொழி. உடனே நிகராகுவாவுக்கு அனுப்பினார்கள். கரீபியன் கடற்கரையில் புளூஃபீல்ட்ஸ் என்ற ஊரில் 1974 வரை ஆசிரியர். பிறகு அதே கரையில் வடக்கே புவெர்ட்டோ கபேசாஸ். மிஸ்கிட்டோ பழங்குடி மக்கள் நிறைந்த பகுதி. அங்கே தொழிற்பயிற்சிக் கூடங்களைக் கட்டி எழுப்பினார். அவர் பொறுப்பில் இருந்தபோது பள்ளியில் மாணவர் எண்ணிக்கை 300இலிருந்து 800 ஆனது. கிராமப்புறங்களில் 10 புதிய பள்ளிகள் கட்டும் வேலையை மேற்பார்க்கும் பொறுப்பையும் ஏற்றுக்கொண்டார். 1979 ஜூலையில் சொமோசா குடும்ப ஆட்சியைக் கவிழ்த்து இடதுசாரிகளான சாண்டினிஸ்டாக்களின் புரட்சி வென்றபோது சபைத் தலைவர்கள் அவரை ஊருக்குத் திரும்பச் சொல்லிவிட்டார்கள்.

மறுபடி செயின்ட் பால், பழைய பள்ளி. மனது ஒட்டவில்லை. மத்திய அமெரிக்காவுக்கே அனுப்புங்கள் என்று கேட்டுக்கொண்டே இருந்தார். 1981 ஜனவரியில் குவாத்தமாலா கிடைத்தது. மெக்சிகோ எல்லையை ஒட்டிய மலை மாவட்டமான ஹுவேஹுவேதெனாங்கோ. நகரத்தில் சகோதரர்களின் பள்ளி ஒன்று; அதோடு 'பழங்குடி இல்லம்' என்று ஒரு விடுதி. மலைக் கிராமங்களிலிருந்து வந்த மாயா இனப் பையன்கள் அங்கே தங்கிப் படித்தார்கள், விவசாயமும் கற்றார்கள். படித்து முடித்துத் தங்கள் கிராமத்துக்குத் திரும்பி அங்கே ஆசிரியராகவோ ஊருக்கு முன்நிற்பவராகவோ ஆக வேண்டும் என்பது ஏற்பாடு. மில்லர் பள்ளியில் பாடம் நடத்தினார்; இல்லத்துப் பையன்களோடு பண்ணையில் மண்வெட்டி பிடித்தார். அங்கே எல்லோருக்கும் அவர் எர்மானோ சந்தியாகோ, ஸ்பானிஷில் பிரதர் ஜேம்ஸ்.

அது உள்நாட்டுப் போர்க்காலம். ராணுவத்துக்கு ஆள் தேவைப்பட்டபோதெல்லாம் சந்தையிலும் தெருவிலும் பழங்குடி இளைஞர்களை வளைத்துப் பிடித்துக்கொண்டு போவார்கள். மாணவர்களுக்கு விலக்கு உண்டு, ஆனால் காகிதத்தில்தான். 1982 தொடக்கத்தில் இல்லத்து மாணவன் ஒருவனைப் பிடித்துக்கொண்டு போனார்கள். இவன் மாணவன், விட்டுவிடுங்கள் என்று சகோதரர்கள் ராணுவத்திடம் போய்க் கேட்டார்கள்.

பிப்ரவரி 13, சனிக்கிழமை. மாலை நேரத்தில் இல்லத்தின் சுவரைப் பழுதுபார்க்க ஏணியில் ஏறி நின்றிருந்தார் மில்லர். முகத்தை மூடிய சிலர் வந்து சுட்டார்கள். பல குண்டுகள். அங்கேயே உயிர் போய்விட்டது. உள்ளே இருந்த சில பிள்ளைகள் ஜன்னல் வழியாக அதைப் பார்த்தார்கள். அவருக்கு அப்போது வயது 37.

கொன்றவர்கள் இன்னார் என்று எந்த நீதிமன்றமும் சொல்லவில்லை, யாரும் தண்டிக்கப்படவும் இல்லை. ராணுவத்தோடு சேர்ந்த கொலைப்படையின் வேலை என்பதுதான் சகோதரர்கள் தரப்பு அன்றிலிருந்து சொல்லிவருவது. 2018 நவம்பரில் திருத்தந்தை பிரான்சிஸ் அவரை மறைசாட்சி (விசுவாசத்துக்காக உயிர்விட்டவர்) என்று ஏற்றார். 2019 டிசம்பர் 7 அன்று ஹுவேஹுவேதெனாங்கோவிலேயே அருளாளர் பட்டம் வழங்கப்பட்டது.

படித்தவர்கள், யோசித்தவர்கள் எழுதுங்கள்.

நெய்தல்

நல்ல பதிவு. ஓர் அடிப்படைச் சந்தேகம். எங்கள் பங்கில் செமினரியில் படிக்கிறவர்களைத்தான் பிரதர் என்று கூப்பிடுவோம். சில வருடம் கழித்து அவர் ஃபாதர் ஆகிவிடுவார். இவர் 1962இல் நவதுறவி, 1982 வரைக்கும் பிரதர். இருபது வருடம் ஆகியும் ஏன் குரு ஆகவில்லை?

மறைக்கல்வி டீச்சர்

நெய்தல் தம்பி, எங்கள் வகுப்பில் பிள்ளைகளும் இதையே கேட்பார்கள். செமினரி பிரதர் வேறு, இவர்கள் வேறு. இவர்கள் குருப்பட்டத்துக்குப் போகும் வழியில் இருப்பவர்கள் இல்லை. பூசை வைப்பதில்லை, பாவசங்கீர்த்தனம் கேட்பதில்லை. கன்னியாஸ்திரிகள் எப்படித் துறவிகளோ, அப்படி ஆண்களில் இவர்கள். பள்ளியில் கற்பிப்பதுதான் அவர்களுடைய அழைத்தல், அதிலேயே சாகும்வரை இருப்பார்கள்.

இதற்குப் பின்னால் ஒரு வரலாறு உண்டு, அது எனக்கு ரொம்பப் பிடிக்கும். சபையை நிறுவிய புனித ஜான் பாப்டிஸ்ட் தெ லசால் 1651இல் பிரான்சில் ரெய்ம்ஸ் நகரத்தில் வசதியான குடும்பத்தில் பிறந்தவர். குருவானவர், பேராலயத்தில் நல்ல வருமானமுள்ள பதவியில் இருந்தவர். ஏழைப் பிள்ளைகளின் பள்ளி ஒன்றுக்கு உதவப் போனவர், அந்த வாத்தியார்களின் நிலையைப் பார்த்தார். பயிற்சியும் கிடையாது, நல்ல சோறும் கிடையாது. முதலில் தன் மேசையில் சாப்பாடு போட்டார். 1681இல் தன் வீட்டிலேயே தங்கவைத்தார். உறவினர்கள் கொதித்துப்போனார்கள்.

அந்த வாத்தியார்கள் அவரிடம் ஒன்று கேட்டார்கள்: உங்களுக்குச் சொத்து இருக்கிறது, பதவி இருக்கிறது, நாளைக்குப் பள்ளி மூடினால் எங்களுக்கு என்ன இருக்கிறது? அவர் அந்தக் கேள்வியைத் தள்ளிவிடவில்லை. 1683இல் பதவியை விட்டார். அடுத்து வந்த பஞ்சத்தில் சொத்தையெல்லாம் ஏழைகளுக்கு ரொட்டியாகக் கொடுத்துத் தீர்த்தார். வாத்தியார்களுக்கு இருந்தது தனக்கும் இருந்தால் போதும் என்ற நிலைக்கு வந்த பிறகுதான் சபை உருவானது.

குருக்கள் வேண்டாம் என்று அவர் முடிவெடுத்ததற்குக் காரணம் உண்டு. குருவானால் பூசை, பங்கு, பிரசங்கம் என்று வேலை பிரிந்துபோகும். ஏழைப் பிள்ளைக்கு முழு ஆள் வேண்டும். அந்தக் காலத்தில் பள்ளி என்றால் லத்தீன். இவர் தாய்மொழியான பிரெஞ்சில் படிக்கக் கற்றுக்கொடுக்கச் சொன்னார். ஒவ்வொரு பிள்ளையாகக் கூப்பிட்டுச் சொல்லிக்கொடுத்து மற்றவர்களைச் சும்மா உட்காரவைக்கும் பழக்கத்தை மாற்றி, வகுப்பு முழுவதற்கும் சேர்த்து நடத்தும் முறையைத் தன் பள்ளிகளில் நிலைநிறுத்தினார். 1719இல் இறந்தார். 1900இல் புனிதர் பட்டம். 1950இல் திருத்தந்தை பன்னிரண்டாம் பத்திநாதர் (பயஸ்) அவரை ஆசிரியர்களின் பாதுகாவலர் என்று அறிவித்தார்.

மில்லர் எடுத்த வார்த்தைப்பாட்டில் கற்பு, ஏழ்மை, கீழ்ப்படிதலோடு ஏழைகளுக்குக் கல்வி என்பதும் சேர்ந்தே இருக்கிறது. அந்த ஏணியில் அவர் நின்றதை இதோடு சேர்த்துத்தான் படிக்க வேண்டும்.

ஈப்போ வாசகன்

மலேசியாவில் என் அப்பா தலைமுறைத் தமிழர்களைக் கேட்டுப் பாருங்கள், லசால் பிரதர்களைப் பற்றி மணிக்கணக்கில் சொல்வார்கள். 1852லேயே பினாங்குக்கும் சிங்கப்பூருக்கும் வந்துவிட்டார்கள். எங்கள் ஈப்போவில் செயின்ட் மைக்கேல்ஸ், கோலாலம்பூரில் செயின்ட் ஜான்ஸ் எல்லாம் அவர்கள் நடத்தியவை. தோட்டத்துப் பிள்ளை, டவுன் பிள்ளை, சீனர், மலாய்க்காரர் எல்லோரும் ஒரே பெஞ்சில் உட்கார்ந்தார்கள். வெள்ளை அங்கி போட்ட பிரதர் மாலையில் திடலில் பந்து உதைத்துக்கொண்டிருப்பார் என்று அப்பா சொல்வார்.

அதனால் இந்த மில்லர் எனக்கு அந்நியராகத் தெரியவில்லை. ஒன்றுதான் கேட்க வேண்டும். அமெரிக்கக் கடவுச்சீட்டு கையில் இருந்தவர். ஆபத்து தெரிந்திருக்கும். கிளம்பியிருக்கலாமே? சபையும் ஏன் அவரை அங்கே வைத்திருந்தது? நிகராகுவாவிலிருந்து ஒரு தடவை திருப்பி அழைத்தவர்கள்தானே?

கோடைமழை

ஈப்போ அண்ணா, ஆபத்து எல்லோருக்கும் தெரிந்துதான் இருந்தது. காலவரிசையைப் பாருங்கள். 1980 ஜனவரி 31: நிலத்துக்காகப் போராடிய கிச்சே பழங்குடி விவசாயிகள் தலைநகரில் ஸ்பெயின் தூதரகத்துக்குள் போய் அமர்ந்தார்கள். போலீஸ் உள்ளே புகுந்தது. தூதரகம் தீப்பிடித்து முப்பதுக்கும் மேற்பட்டோர் உள்ளேயே கருகினார்கள். மார்ச் 24: பக்கத்து எல் சால்வடோரில் பேராயர் ரொமேரோ பூசை நேரத்தில் சுட்டுக் கொல்லப்பட்டார். அதே ஆண்டில் குவாத்தமாலாவின் கிச்சே மறைமாவட்டத்தில் குருக்கள் கொல்லப்பட, ஆயர் கெரார்டி தன் குருக்களையும் கன்னியரையும் கூட்டிக்கொண்டு மாவட்டத்தை விட்டே வெளியேற வேண்டி வந்தது. டிசம்பர் 2: எல் சால்வடோரில் அமெரிக்காவைச் சேர்ந்த மூன்று கன்னியரும் துறவியல்லாத ஒரு பொதுநிலைப் பணியாளரும் கொலை. அமெரிக்கர் என்பது அந்த நால்வரையும் காப்பாற்றவில்லை.

இவ்வளவுக்கும் பிறகுதான் 1981 ஜனவரியில் மில்லர் குவாத்தமாலாவுக்குள் காலெடுத்து வைக்கிறார். போய்ச் சேர்ந்து ஆறு மாதத்தில், ஜூலை 28 அன்று, ஒக்லஹோமாவைச் சேர்ந்த அருட்தந்தை ஸ்டான்லி ரோதரை சந்தியாகோ அதித்லான் ஊரில் அவர் தங்கியிருந்த பங்கு வீட்டிலேயே கொன்றார்கள். ரோதரும் விவசாயக் குடும்பம். கொலைப்பட்டியலில் பெயர் வந்ததும் ஊருக்குப் போனவர், ஈஸ்டருக்குத் தன் மக்களிடமே திரும்பி வந்தவர்.

1982 ஜனவரியில், சாவதற்குச் சில வாரம் முன்பு, மில்லர் எழுதிய கடிதம் இருக்கிறது. வன்முறையைப் பார்த்துப் பார்த்துத் தனக்குச் சலித்துவிட்டது, ஆனால் மத்திய அமெரிக்காவில் துன்பப்படும் ஏழைகளிடம் தனக்குள்ள பற்று குறையவில்லை என்கிறார். ஏழைகள் பக்கம் நின்றதற்காகத் திருச்சபை துன்புறுத்தப்படுகிறது என்கிறார். ஏறத்தாழ இருபது வருடம் சகோதரராக இருந்தாகிவிட்டது, இங்கே வேலை செய்யச் செய்ய அழைத்தல் இன்னும் உறுதிப்படுகிறது, என் உயிரை இறைவனின் பராமரிப்பில் வைக்கிறேன் என்று முடிக்கிறார்.

இந்தக் கடிதத்தில் வீரம் பேசுகிற தொனி கொஞ்சமும் இல்லை. அலுத்துப்போன ஒருவர், போக மாட்டேன் என்று தீர்மானித்தவர். பயமே இல்லாத ஆள் என்று புனிதர் வரலாறுகளில் எழுதுவார்கள் இல்லையா, இவர் விஷயத்தில் அப்படி எழுதக் கூடாது. சலிப்பையும் நம்பிக்கையையும் ஒரே பக்கத்தில் எழுதியவர் இவர்.

பழைய தோழர்

கோடைமழை, உங்கள் எழுத்தின் மேல் மரியாதை உண்டு. ஆனால் சில விஷயங்களை மென்மையாகத் தாண்டிவிட்டீர்கள்.

முதலாவது, நிகராகுவா. 800 மாணவர், 10 பள்ளிகள் என்கிறீர்கள். காசும் அனுமதியும் எங்கிருந்து வந்தன? சொமோசா அரசிடமிருந்து. 1930களிலிருந்து ஒரே குடும்பம் நாட்டைத் தன் எஸ்டேட் மாதிரி நடத்திய ஆட்சி அது. 1972இல் மனாகுவா நிலநடுக்கத்துக்கு வந்த நிவாரணப் பணத்தையே சுருட்டிய ஆட்சி. அந்த அரசோடு சேர்ந்து வேலை பார்த்தவர் என்பதால் சாண்டினிஸ்டாக்களிடமிருந்து ஆபத்து வரலாம் என்றுதானே 1979இல் அவரைத் திருப்பி அழைத்தார்கள்? அதையும் சொல்ல வேண்டும்.

இரண்டாவது, குவாத்தமாலாவில் நடந்தது மதக் கொடுமை இல்லை. 1954இல் தேர்ந்தெடுக்கப்பட்ட ஆர்பென்ஸ் அரசை அமெரிக்க உளவுத்துறை கவிழ்த்தது. நிலச்சீர்திருத்தம் கொண்டுவந்ததுதான் அவர் செய்த குற்றம். 1960இலிருந்து 1996 வரை போர். ஐ.நா. ஆதரவில் அமைந்த உண்மை ஆணையம் 1999இல் அறிக்கை கொடுத்தது: கொல்லப்பட்டவர்களும் காணாமல்போனவர்களும் சேர்த்து இரண்டு லட்சத்துக்கு மேல், மீறல்களில் 93 சதவீதம் அரசுப் படைகளும் அவற்றின் துணைப்படைகளும் செய்தவை, அடையாளம் தெரிந்த பலியானவர்களில் 83 சதவீதம் மாயா மக்கள். 1981 முதல் 1983 வரை சில பகுதிகளில் நடந்தது இனப்படுகொலை என்றே ஆணையம் சொன்னது. மில்லர் கொல்லப்பட்டது சரியாக அந்தக் காலத்தில்.

ஆக, இது நிலத்துக்கும் இனத்துக்கும் அதிகாரத்துக்குமான யுத்தம். சுட்டவனும் ஞானஸ்நானம் வாங்கியவனாகத்தான் இருந்திருப்பான். விசுவாசத்தின் மேல் உள்ள வெறுப்பால் கொன்றார்கள் என்று வத்திக்கான் சொல்லும்போது, கொலையின் அரசியல் மறைந்துபோகிறது. அதுதான் என் வருத்தம். அந்த மனிதர் மேல் எனக்குக் குறை எதுவும் இல்லை.

கோடைமழை

தோழர், நீங்கள் எழுதியதில் வரலாற்றுப் பகுதியில் எனக்கு மறுப்பே இல்லை. சொமோசா விஷயமும் உண்மைதான். கரீபியன் கரையில் பள்ளி கட்ட வேண்டுமானால் அன்றைக்கு அரசு என்று இருந்தது அவர்கள்தான். மில்லர் அவர்களிடம் போய்க் கேட்டார், வாங்கினார், கட்டினார். அரசியலில் கெட்டிக்காரர் என்று அவரைச் சொல்ல முடியாது. மேசை, நாற்காலி, பட்டறை, கூரை இதைப் பற்றியே யோசித்த ஆள். வலதுசாரி ஆட்சியோடு ஒத்துப்போனார் என்று ஒரு நாட்டில் சந்தேகிக்கப்பட்டவர், அடுத்த நாட்டில் வலதுசாரி ராணுவ ஆட்சியின் காலத்தில் கொல்லப்பட்டார். இரண்டு இடத்திலும் அவர் செய்த வேலை மாறவே இல்லை. பழங்குடிப் பிள்ளைகளுக்குப் பாடம் சொன்னார், பட்டறை கட்டினார், சுவர் பூசினார். அவரைச் சுற்றி இருந்த அரசுகள்தான் மாறின.

இப்போது உங்கள் இரண்டாவது கேள்வி. இதுதான் முக்கியமானது, அருளாளர் பட்டம் வருவதற்கு முன்னால் திருச்சபைக்குள்ளேயே கேட்கப்பட்ட கேள்வியும் கூட.

மறைசாட்சி என்றால், "கிறிஸ்துவை மறுதலி, இல்லாவிட்டால் சாவு" என்று ஒருவன் வாளோடு நிற்க வேண்டும், இவர் மறுக்க வேண்டும் என்ற படம்தான் நம் மனதில் இருக்கிறது. ஆனால் திருமுழுக்கு யோவானை யோசித்துப் பாருங்கள். ஏரோது மன்னன் அவரிடம் விசுவாசத்தைக் கைவிடச் சொல்லவில்லை. சொந்தச் சகோதரனின் மனைவியை எடுத்துக்கொண்டது முறையில்லை என்று சொன்னதற்காகத் தலை போனது. ஆனாலும் ஆதியிலிருந்து அவரை மறைசாட்சியாகத்தான் கொண்டாடுகிறோம். புனித தாமஸ் அக்குவினாஸ் இதையே எடுத்துச் சொல்கிறார்: கடவுளுக்காகச் செய்யப்படும் எந்த அறச்செயலும் விசுவாச அறிக்கைதான், அதற்காகச் சாவதும் மறைசாட்சியம்தான். பதின்மூன்றாம் நூற்றாண்டில் சொன்னது.

பின்னாளில் சட்டமுறையில் இது இறுகிப்போனது. ஆஷ்விட்ஸ் நாஜி முகாமில் இன்னொரு கைதிக்குப் பதிலாகச் செத்த குரு மாக்சிமிலியன் கோல்பேயை எடுத்துக்கொள்ளுங்கள். 1971இல் அருளாளர் பட்டம் கொடுத்தபோது மறைசாட்சி என்று கொடுக்கவில்லை. 1982இல் இரண்டாம் ஜான் பால்தான் மறைசாட்சி என்று அறிவித்துப் புனிதராக்கினார். ரொமேரோவுக்குப் பட்டம் கொடுக்கும் விசாரணை பல ஆண்டுகள் இழுத்தடிக்கப்பட்டதும் இதே கேள்வியால்தான், சுட்டவர்கள் கத்தோலிக்கர்களாயிற்றே! 2015இல்தான் அவருடைய சாவு மறைசாட்சியம் என்று ஏற்கப்பட்டது. நம் நாட்டில் சிஸ்டர் ராணி மரியாவைப் பாருங்கள். மத்தியப் பிரதேசத்தில் கடனில் மூழ்கிய ஏழை விவசாயிகளைத் திரட்டியவர். 1995இல் பஸ்ஸிலிருந்து இழுத்துக் குத்திக் கொன்றார்கள். வட்டிக்காரர்களுக்கும் நிலக்காரர்களுக்கும் அவருடைய ஜெபமாலை மேல் என்ன கோபம்? அவர் செய்த வேலை மேல்தான் கோபம். 2017இல் இந்தூரில் மறைசாட்சியாக அருளாளர் பட்டம் பெற்றார்.

மில்லர் இந்த வரிசையில் வருகிறார். ராணுவத்துக்கு அந்த மலைப்பையன் துப்பாக்கி தூக்குகிற கை. சகோதரர்களுக்கு அவன் பெயர் உள்ள ஒரு மாணவன். அவனை விட்டுவிடு என்று கேட்டது அரசியலா, நற்செய்தியா என்று நீங்கள் என்னைக் கேட்டால் இரண்டும்தான் என்பேன். கொலையின் அரசியலை இது மறைக்கவில்லை, இன்னும் வெளிச்சத்துக்குக் கொண்டுவருகிறது. ஒரு பழங்குடிச் சிறுவன் படிப்பதே தாங்கமுடியாத குற்றமாகத் தெரிந்த அரசு அது என்று வத்திக்கான் முத்திரையோடு எழுதிவைத்தாயிற்று இல்லையா?

நெய்தல்

திருமுழுக்கு யோவான் உதாரணம் எனக்குத் தெளிவாகப் புரிந்தது. டீச்சர், லசால் சபையில் இப்படிக் கொல்லப்பட்டவர்கள் வேறு யாரும் உண்டா?

மறைக்கல்வி டீச்சர்

உண்டு தம்பி. முதலில் புனித சாலமோன் லெக்லெர்க். 1745இல் பிரான்சில் பூலோன் துறைமுகத்தில் வணிகர் வீட்டில் பிறந்தவர். ஆசிரியர், பிறகு சபைத் தலைவரின் செயலர். பிரெஞ்சுப் புரட்சி அரசு, திருச்சபையைத் தன் கட்டுப்பாட்டில் கொண்டுவந்து அதற்கு உறுதிமொழி எடுக்கச் சொன்னது, மறுத்தார். சகோதரர்கள் கலைந்து ஒளிந்து வாழ, இவர் பாரிஸ் வீட்டில் தனியாக இருந்தார். 1792 ஆகஸ்ட் 15 அன்று தன் சகோதரிக்குக் கடிதம் எழுதினார், அன்றைக்கே கைது. செப்டம்பர் 2 அன்று கார்மெல் மடத்தைச் சிறையாக்கி வைத்திருந்த இடத்தில் வெட்டிக் கொன்றார்கள். 2016இல் புனிதர்.

அப்புறம் ஸ்பெயின். 1934 அக்டோபர் 9, அஸ்தூரியாஸ் சுரங்கப் பகுதியில் துரோன் என்ற ஊர். தொழிலாளர் கிளர்ச்சியின்போது, சுரங்கத் தொழிலாளர் பிள்ளைகளுக்குப் பாடம் நடத்திய எட்டுச் சகோதரர்களையும் அங்கே வந்திருந்த ஒரு குருவையும் கல்லறைத் தோட்டத்துக்குக் கூட்டிப்போய்ச் சுட்டார்கள். தோழர் கவனிப்பார் என்பதற்காகச் சொல்கிறேன்: அங்கே சுட்டது இடதுசாரிகள்.

எனக்கு மிக நெருக்கமானவர் புனித ஹைமே இலாரியோ. ஆசிரியராக இருந்தவருக்குக் காது கேட்காமல் போகத் தொடங்கியது. வகுப்பெடுக்க முடியாத வாத்தியார் என்ன செய்வார்? தாரகோனாவில் சபையின் பயிற்சி இல்லத்தில் தோட்ட வேலைக்குப் போனார். உள்நாட்டுப் போரில் பிடிபட்டு விசாரணைக்கு வந்தபோது, நான் தோட்டக்காரன் என்று மட்டும் சொன்னால் தப்பிவிடலாம் என்று வழக்கறிஞர் சொன்னார். பொய்யும் இல்லை, அவர் தோட்டக்காரர்தான். ஆனால் நான் லசால் சகோதரர் என்றார். 1937 ஜனவரி 18 அன்று சுட நிறுத்தினார்கள். இரண்டு முறை சுட்டும் வீரர்களின் குண்டுகள் அவரைச் சாய்க்கவில்லை. அவர்கள் துப்பாக்கியைப் போட்டுவிட்டு ஓடினார்கள். அதிகாரியே கிட்டே வந்து சுட்டார். துரோன் சகோதரர்களோடு சேர்த்து 1999இல் புனிதர் பட்டம்.

ஒருவர் செயலர், ஒருவர் தோட்டக்காரர், மில்லர் கொத்தனார் வேலையில். கரும்பலகைக்கு முன்னால் நின்றபடி செத்தவர்கள் இவர்களில் இல்லை. ஆனாலும் மூவரும் ஆசிரியர்கள்தான். பள்ளிக்கூடத்துக்கு என்ன தேவையோ அதைச் செய்கிறவர் ஆசிரியர் என்பதை நான் என் வேலையிலும் பார்த்திருக்கிறேன்.

பழைய தோழர்

டீச்சர், துரோனை நீங்கள் சொன்னதில் எனக்கு மனத்தாங்கல் இல்லை. அது தவறான கொலை. சுரங்கத் தொழிலாளியின் பிள்ளைக்குப் பாடம் சொன்னவரைச் சுட்டதை எந்தக் கொள்கையாலும் நியாயப்படுத்த முடியாது.

கோடைமழை, யோவான் வாதம் எனக்கும் சரியாகப் படுகிறது. அதை ஏற்கிறேன். இன்னும் ஒன்று உறுத்துகிறது. மில்லருக்குப் பெயர் இருக்கிறது, படம் இருக்கிறது, பட்டம் இருக்கிறது. பிறந்த மாநிலத்தில் கல்லறை இருக்கிறது. பிடித்துக்கொண்டு போன அந்தப் பையன்? அதே வருடம் அந்த மலைகளில் கூட்டம் கூட்டமாகக் கொல்லப்பட்ட மாம், சுஹ், கன்ஹோபால் ஆகிய மாயா மக்கள்? ஹுவேஹுவேதெனாங்கோவிலேயே சான் பிரான்சிஸ்கோ நென்டோன் கிராமத்தில் 1982 ஜூலை 17 அன்று முந்நூறு பேருக்கு மேல் கொன்றார்கள், குழந்தைகள் உட்பட. வெள்ளைக்கார மிஷனரி செத்தால் உலகம் அறிகிறது. மறைக்கல்வி சொல்லித்தரும் உள்ளூர் வேதியர் செத்தால்?

ஈப்போ வாசகன்

தோழர் கேட்பது நியாயம். எனக்கும் அதே எண்ணம்தான் ஓடியது.

கோடைமழை

நியாயம்தான். மில்லரைப் பற்றி எழுதுகிறவர்கள் நென்டோனைப் பற்றியும் எழுதவில்லையென்றால் அரைகுறையாகத்தான் எழுதுகிறார்கள். அவர் வாழ்க்கையே அந்த மக்களைச் சுற்றித்தான் இருந்தது.

ஆனால் உள்ளூர்க்காரர்களை யாரும் நினைக்கவில்லை என்று சொல்ல முடியாது. பக்கத்து மாவட்டமான கிச்சேயில் கொல்லப்பட்ட பத்துப் பேருக்கு 2021 ஏப்ரல் 23 அன்று அருளாளர் பட்டம் கிடைத்தது. மூவர் ஸ்பெயின் நாட்டுக் குருக்கள். மற்ற ஏழு பேர் அந்த மண்ணின் பொதுநிலையினர், வேதியர்கள். அதில் ஹுவான் பாரேரா மெந்தெஸ் என்ற சிறுவனும் உண்டு, வயது 12. சித்திரவதை செய்து கொன்றார்கள். திருச்சபை அவனையும் அந்தக் குருக்களையும் ஒரே பட்டியலில், ஒரே பீடத்தில் வைத்திருக்கிறது. நம் பங்குகளில் மறைக்கல்விப் பிள்ளைகளுக்கு அவன் பெயரும் தெரிய வேண்டும் என்பது என் ஆசை. டீச்சர் கவனத்துக்கு.

பெயர்களைச் சேகரித்தவரும் உண்டு. நான் மேலே சொன்ன ஆயர் கெரார்டி, போர் முடியும் தறுவாயில் மறைமாவட்டங்கள் வழியாக ஒரு பெரிய வேலையைத் தொடங்கினார். கிராமம் கிராமமாக ஆட்களை அனுப்பி, மக்களின் சொந்த மொழிகளிலேயே ஆயிரக்கணக்கான வாக்குமூலங்களைப் பதிவுசெய்தார்கள். பாதிக்கப்பட்டவர் யார், எந்த நாள், செய்தது எந்தப் படை என்று எழுதிவைத்தார்கள். "இனி ஒருபோதும் வேண்டாம்" என்ற தலைப்பில் நான்கு தொகுதிகள். 1998 ஏப்ரல் 24 அன்று தலைநகரப் பேராலயத்தில் வெளியிட்டார். இரண்டு நாள் கழித்து, 26 இரவு, அவர் வீட்டு வாகனக் கொட்டகையில் கல்லால் அடித்துக் கொன்றார்கள். இந்த வழக்கில் தீர்ப்பு வந்தது: 2001இல் ராணுவத்தைச் சேர்ந்த மூவரும் ஒரு குருவும் குற்றவாளிகள் என்று நீதிமன்றம் சொன்னது.

மில்லர் வழக்கில் அது நடக்கவில்லை. பட்டம் கொடுத்ததோடு அந்தக் கணக்கு தீர்ந்துவிட்டது என்று நானும் நினைக்கவில்லை தோழர். சுட்டவர்கள் யார், அனுப்பியது யார் என்று குவாத்தமாலா அரசு இன்றுவரை பதில் சொல்லவில்லை. அந்தக் கேள்வியை நீங்களும் கேளுங்கள், நானும் கேட்கிறேன்.